வாங்குபவரின் வினை

தடைசெய்யப்பட்ட ஓபியாய்டுகளை இணையத்தின் வழியாக வாங்குபவருக்கு என்ன சட்ட விளைவுகள் நேரும் என்பது பெரும்பாலும் வழக்கறிஞர்களுக்கு உரிய கேள்வியாகவே கருதப்படுகிறது. ஆயினும் வாங்குதல் என்பது தன்னளவில் ஒரு வினையா, அது விளைவிக்கும் கேட்டில் வாங்குபவருக்கு எவ்வளவு பங்கு உண்டு என்னும் மிகப் பழைய அறக் கேள்வி அதன் அடியில் இருக்கிறது. அபின் செடியின் காயைக் கீறி எடுக்கும் பாலிலிருந்து கிடைக்கும் மார்ஃபின், கோடீன் ஆகியவற்றையும், மார்ஃபினை வேதியியல் முறையில் மாற்றிச் செய்யும் ஹெராயினையும், இவற்றைப் போலவே மூளையிலும் தண்டுவடத்திலும் வலி உணர்வை அடக்கும் டிரமடால், ஃபென்டனில் முதலிய ஆய்வுக்கூடத் தயாரிப்புகளையும் ஒருங்கே குறிக்கும் பெயரே ஓபியாய்டு. வலி தீர்க்கும் அதே ஆற்றல் அளவு மீறினால் மூச்சையும் அடக்கிவிடும். தொடர்ந்து உட்கொண்டால் உடல் அதற்குப் பழகி, அது கிடைக்காத நாளில் வலியையும் நடுக்கத்தையும் தானே உண்டாக்கிக்கொள்ளும். அனைத்திந்திய மருத்துவ அறிவியல் கழகத்தின் போதைச் சார்பு சிகிச்சை மையம் மத்திய சமூகநீதி அமைச்சகத்துக்காக நடத்தி 2019இல் வெளியிட்ட தேசிய ஆய்வு, நாட்டில் ஏறக்குறைய 2.26 கோடிப் பேர் ஏதேனும் ஓர் ஓபியாய்டைப் பயன்படுத்துவதாக மதிப்பிட்டது. அவற்றுள் ஹெராயினுக்கு அடுத்த இடத்தில் இருந்தவை, மருந்துக்கடையில் சீட்டுக் காட்டி வாங்க வேண்டிய மாத்திரைகளும் இருமல் மருந்துகளும்தான்.

நாசிக் செல்லும் தடமும் புனே செல்லும் தடமும் பிரியும் ரயில் சந்திப்பாகிய கல்யாணுக்கும், அதை அடுத்துக் கிடங்குகளால் நிறைந்திருக்கும் பிவண்டிக்கும் இந்தக் கேள்வி தொலைவானதன்று. போதைப்பொருள் தடுப்புப் பணியகம் கோடீன் கலந்த இருமல் மருந்தைப் பெருமளவில் கைப்பற்றிய இடங்களுள் பிவண்டி நெடுஞ்சாலையும் ஒன்று. வெளிநாட்டிலிருந்து வரும் பொட்டலங்கள் பிரிக்கப்பட்டுப் பிடிபடும் வெளிநாட்டு அஞ்சலகம் மும்பையின் பல்லார்டு எஸ்டேட்டில் இருக்கிறது. வாங்குபவர் கல்யாணில் ஓர் அடுக்ககத்தின் அறையிலேயே இருந்துவிடலாம். அவர் விற்பவரின் முகத்தைப் பார்ப்பதில்லை, குரலைக் கேட்பதில்லை, பணத்தையும் கையால் கொடுப்பதில்லை. தேடுபொறிகளுக்குப் புலப்படாமல், தனி மென்பொருள் கொண்டு மட்டுமே நுழையக்கூடிய டார்க்நெட் சந்தைகள் இந்தத் தொலைவையே தங்கள் சரக்காக விற்கின்றன. யாரும் காணாத இடத்தில், யாரையும் தொடாமல், தன் உடலுக்காக மட்டும் செய்யும் ஒன்று எப்படிக் குற்றமாகும் என்று வாங்குபவர் தமக்குள் கேட்டுக்கொள்வதற்கு அந்தத் தொலைவே இடம் தருகிறது.

சட்டம் இதற்குச் சொல்லும் விடை தெளிவானது. போதைப்பொருள்கள் மற்றும் மனமயக்கப் பொருள்கள் சட்டம் 1985இல் இயற்றப்பட்டு அவ்வாண்டு நவம்பர் 14 அன்று நடைமுறைக்கு வந்தது. அதன் 8ஆம் பிரிவு, மருத்துவம், அறிவியல் ஆகிய தேவைகளுக்காக உரிய அனுமதியுடன் நடப்பவை நீங்கலாக, இப்பொருள்களை உற்பத்தி செய்தல், வைத்திருத்தல், விற்றல், வாங்குதல், கொண்டுசெல்லுதல், இறக்குமதி செய்தல் ஆகியவற்றை ஒரே மூச்சில் தடுக்கிறது. வாங்குதலை விற்றலின் நிழலாகவோ அதைவிடச் சிறிய பிழையாகவோ சட்டம் கருதவில்லை என்பது கவனிக்கத்தக்கது. ஹெராயின், மார்ஃபின் போன்றவற்றுக்கு 21ஆம் பிரிவும், 2018 ஏப்ரலில் மனமயக்கப் பொருளாக அறிவிக்கப்பட்ட டிரமடாலுக்கு 22ஆம் பிரிவும், அயல்நாட்டிலிருந்து வருவித்தவற்றுக்கு 23ஆம் பிரிவும் பொருந்தும். மூன்றிலும் தண்டனை எடையைப் பொறுத்தே ஏறுகிறது. அரசு அறிவித்துள்ள 'சிறு அளவு' என்னும் வரம்புக்குள் இருந்தால் ஓராண்டு வரை கடுங்காவல் அல்லது 10,000 ரூபாய் வரை அபராதம் அல்லது இரண்டும். 'வணிக அளவு' என்னும் மேல்வரம்பைத் தாண்டினால் குறைந்தது 10 ஆண்டு, மிகுந்தால் 20 ஆண்டு கடுங்காவலும் ஒரு லட்சம் முதல் இரண்டு லட்சம் ரூபாய் வரை அபராதமும். இடைப்பட்டதற்கு 10 ஆண்டு வரை சிறையும் ஒரு லட்சம் ரூபாய் வரை அபராதமும் விதிக்கப்படும். வணிக அளவு வழக்குகளில் 37ஆம் பிரிவு ஜாமீனின் கதவை ஏறக்குறைய அடைத்துவிடுகிறது. குற்றஞ்சாட்டப்பட்டவர் குற்றமற்றவர் என்று நம்ப நியாயமான காரணம் உண்டென்றும், வெளியே சென்றால் மீண்டும் குற்றம் செய்யமாட்டார் என்றும் விசாரணை தொடங்கும் முன்னரே நீதிமன்றம் மனநிறைவு கொள்ள வேண்டும். அதுவரை அவர் கல்யாண் ஆதார்வாடிச் சிறை போன்ற ஒன்றில் காத்திருக்க நேரும்.

பொருள் கைக்கு வந்து சேரவில்லை என்பதும் தப்பிக்கும் வழியாகாது. குற்றம் செய்ய முயல்வதற்கு அக்குற்றத்துக்கு உரிய தண்டனையே உண்டு என்கிறது 28ஆம் பிரிவு. உடந்தையையும் சதியையும் அவ்வாறே நடத்துகிறது 29ஆம் பிரிவு. 2001இல் சேர்க்கப்பட்ட 50அ பிரிவின்படி, ஐயத்துக்குரிய பொட்டலத்தை வழியிலேயே பறிக்காமல், அதிகாரிகளின் கண்காணிப்பில் தொடர்ந்து செல்லவிட்டு, அதை யார் கைநீட்டிப் பெறுகிறார் என்று அறியலாம். இது கட்டுப்படுத்தப்பட்ட ஒப்படைப்பு எனப்படுகிறது. யாரும் காணவில்லை என்று வாங்குபவர் நம்பும் பொழுதிலேயே அவர் காணப்படுகிறார். சந்தையை இயக்குபவர்களின் நிலையை, கொல்கத்தாவைச் சேர்ந்த சஞ்சய் குமார் கேடியா வழக்கில் உச்ச நீதிமன்றம் 2007 டிசம்பரில் ஆராய்ந்தது. இணைய மருந்தகத் தளங்களை வடிவமைத்து நடத்தி, அவற்றின் வழியே ஓபியாய்டு வகையைச் சேர்ந்த பியூடார்பனால் உள்ளிட்ட மருந்துகள் அமெரிக்காவுக்குச் செல்ல உதவினார் என்பது அவர்மீது வைக்கப்பட்ட குற்றச்சாட்டு. தாம் இணையச் சேவை வழங்கும் இடையாள் மட்டுமே, எனவே தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 79ஆம் பிரிவு தமக்குப் பாதுகாப்புத் தரும் என்று அவர் வாதிட்டார். தெரிந்தே பங்கேற்றதாகக் குற்றஞ்சாட்டப்பட்டவருக்கு அந்தப் பாதுகாப்பு இல்லை என்று கூறி நீதிமன்றம் ஜாமீன் மறுத்தது. இடையில் ஓர் இயந்திரம் நிற்பதால் வினை வேறொருவருடையதாகிவிடாது என்பதே அத்தீர்ப்பின் அறவியல் உட்பொருள் என்று கொள்ளலாம்.

வாங்குபவரின் சார்பில் பேசிய சிந்தனையாளர்களும் உண்டு. அவர்களுள் முதன்மையானவர் ஜான் ஸ்டூவர்ட் மில். 1859இல் வெளிவந்த தம் சுதந்திரம் பற்றிய நூலின் இறுதி இயலில் அவர் சீனாவுக்குள் அபின் வராமல் தடுப்பதையும் நஞ்சு விற்பனையைக் கட்டுப்படுத்துவதையும் எடுத்துக்கொண்டு, இத்தகைய தடைகளில் ஊறுபடுவது விற்பவரின் உரிமையன்று, வாங்குபவரின் உரிமையே என்று வாதிட்டார். அந்த வாதத்தின் பின்னணியை மறந்துவிட முடியாது. மில் 1823 முதல் 1858 வரை கிழக்கிந்தியக் கம்பெனியின் லண்டன் அலுவலகத்தில் பணிபுரிந்தவர். அந்தக் கம்பெனியின் வருவாயில் கணிசமான பங்கு அபினிலிருந்து வந்தது. மால்வாவில் விளைந்த அபினுக்குச் சுங்கம் செலுத்தி, அதைப் பம்பாய்த் துறைமுகத்தின் வழியே சீனாவுக்குக் கப்பலேற்றிய வணிகத்தால்தான் இந்நகரின் பெருஞ்செல்வங்கள் சில திரண்டன. சீனத்தில் வாங்கியவரின் சுதந்திரத்தைப் பற்றி லண்டனில் எழுதப்பட்ட வரிகளை, பம்பாயில் விற்றவரின் கணக்கேட்டோடு சேர்த்தே படிக்க வேண்டும். எனினும் மில்லின் சிந்தனையிலேயே அந்த வாதத்தைத் திருத்தும் இரண்டு இடங்கள் இருக்கின்றன. தன்னையே அடிமையாக விற்றுக்கொள்ளும் ஒப்பந்தத்தைச் சுதந்திரத்தின் பெயரால் ஏற்க முடியாது என்பது ஒன்று. பழக்கத்தின் பிடிக்குள் செல்பவர் தம் நாளைய விருப்பத்தையே இன்று விற்றுவிடுகிறார் என்பதால், அந்தக் கூற்று ஓபியாய்டுக்கு நேராகவே பொருந்தும். நஞ்சு விற்பவர் வாங்குபவரின் பெயரையும் முகவரியையும் வாங்கும் காரணத்தையும் ஏட்டில் பதிந்துவைக்கச் செய்யலாம் என்று அவர் இசைந்தது மற்றொன்று. மருத்துவரின் சீட்டும் மருந்துக்கடையின் பதிவேடும் இந்த இரண்டாவது கருத்தின் வாழும் வடிவங்களே. சீட்டு உள்ள நோயாளி தம் சொந்த மருத்துவத் தேவைக்காக மனமயக்கப் பொருள் வகை மருந்தை ஒரு நேரத்தில் 100 அலகுகள் வரை வைத்திருக்க அச்சட்டத்தின் 1985ஆம் ஆண்டு விதிகள் இடமளிக்கின்றன. டார்க்நெட் அழிப்பது அந்தப் பதிவேட்டை. ஆகவே மில்லின் வழியில் நின்று பார்த்தாலும், அங்கே வாங்குபவர் கோருவது சுதந்திரத்தை அன்று; தம் செயலுக்குத் தாம் பெயர் தரமாட்டேன் என்னும் விலக்கை.

இந்த மண்ணில் இக்கேள்வி மில்லுக்குப் பல நூற்றாண்டுகள் முன்னரே கேட்கப்பட்டுவிட்டது. கல்யாண் கி.பி. முதல் நூற்றாண்டின் கிரேக்கக் கடல்வணிகக் கையேடான பெரிப்ளூஸில் பெயர் குறிக்கப்பட்ட சந்தை நகரம். கான்ஹேரிக் குகைகளில் உள்ள பழைய கல்வெட்டுகள் கல்யாணைச் சேர்ந்தோர் பௌத்த சங்கத்துக்கு அளித்த கொடைகளைப் பதிந்துள்ளன. அவ்வணிகர்கள் செவிமடுத்த சமயம், இல்லறத்தார் செய்யக்கூடாத வணிகங்கள் என்று ஆயுதம், உயிர், இறைச்சி, மயக்கும் பொருள், நஞ்சு ஆகிய ஐந்தையும் தன் மறைநூல்களுள் ஒன்றான அங்குத்தர நிகாயத்தில் விலக்கியது. அந்தப் பட்டியல் விற்பவரை நோக்கியது. வாங்குபவரை நோக்கிப் பேசியவர் வள்ளுவர். புலால் மறுத்தல் அதிகாரத்தில் அவர் முன்வைக்கும் வாதம், தின்பதற்காக வாங்குவோர் உலகில் இல்லையாயின் விலைக்காகக் கொன்று தருவோரும் இருக்கமாட்டார்கள் என்னும் கருத்துடையது. கொலையின் மூலகாரணத்தை அது கத்தி பிடித்தவரிடமிருந்து காசு நீட்டியவரிடம் கொண்டுசெல்கிறது. கள்ளுண்ணாமையை அவர் அறத்துப்பாலில் வைக்காமல் அரசும் சமூகமும் பேசப்படும் பொருட்பாலில் வைத்ததையும் இங்கே நினைக்கலாம். மயக்கம் தனி மனிதரின் தூய்மையை மட்டும் தொடும் செய்தி அன்று என்று அவர் கருதியிருக்க வேண்டும்.

சமணர் இதை இன்னும் நுணுக்கமாக வகுத்தனர். தானே செய்தல், பிறரைக் கொண்டு செய்வித்தல், செய்வதற்கு உடன்படுதல் ஆகிய மூன்றிலும் வினை வந்து ஒட்டும் என்பது அவர்கள் கொள்கை. பௌத்தரோ, தமக்கென்று கொல்லப்பட்டதாகக் காணாத, கேளாத, ஐயுறாத இறைச்சியைத் துறவி ஏற்கலாம் என்றனர். தமிழில் நீலகேசி என்னும் சமண நூல் இந்த நெகிழ்வை எதிர்த்துச் சமணத் தரப்பில் நின்று வாதிடுகிறது. இவ்விரண்டு தரப்புகளுக்கும் இடையே இன்றைய வாங்குபவர் எங்கே நிற்கிறார்? சமண அளவுகோலில் அவர் தப்ப மாட்டார் என்பது வெளிப்படை. இரக்கம் மிக்க பௌத்த அளவுகோலும் அவரைக் காக்காது. ஏனெனில் மறைகுறியிட்ட செய்தியும், பெயர் காட்டாத கிரிப்டோ நாணயமும், உள்ளிருப்பதை மறைக்கும் பொய்யான மேலுறையும் வேண்டும் என்று தாமே தேர்ந்தவர், ஐயுறவில்லை என்று சொல்ல இயலாது. இஸ்லாமிய மரபில், மதுவின் பொருட்டுச் சபிக்கப்பட்ட பத்துப் பேரைக் குறிப்பிடும் நபிமொழி, பிழிபவரையும் சுமப்பவரையும் விற்பவரையும் எண்ணுவதோடு நில்லாமல், வாங்குபவரையும் யாருக்காக வாங்கப்பட்டதோ அவரையும் சேர்த்தே எண்ணுகிறது. 1985ஆம் ஆண்டுச் சட்டத்தின் 8ஆம் பிரிவு வினைச்சொற்களை அடுக்கும் முறை அந்தப் பட்டியலுக்கு வியப்பூட்டும் அளவு நெருக்கமானது. வாங்குதலும் வினையே என்பதில் சட்டமும் சமயங்களும் ஒன்றுபடுகின்றன.

அவை பிரியும் இடம் வினையை அளக்கும் முறை. எண்ணத்தையே, அதாவது சேதனையையே, வினை என்று புத்தர் கூறியதாக அங்குத்தர நிகாயம் சொல்கிறது. சட்டமோ தராசைக் கொண்டு அளக்கிறது. மனநிலையைச் சட்டம் முற்றிலும் புறக்கணிக்கிறது என்பதும் சரியன்று. உடைமை என்பது பொருள் ஒருவர் வசம் இருப்பது மட்டுமன்று, அது இன்னதென்று அவர் உணர்ந்திருப்பதும் வேண்டும் என்று நீதிமன்றங்கள் கொண்டுள்ளன. ஆனால் 35ஆம் பிரிவு அந்தக் குற்ற மனநிலை இருந்ததாகவே முதலில் கொண்டு, இல்லை என்று ஐயத்துக்கு இடமின்றி நிறுவும் சுமையைக் குற்றஞ்சாட்டப்பட்டவர்மீது வைக்கிறது. அமிர்தசரஸ் விமான நிலையத்தில் தொடங்கிய நூர் ஆகா வழக்கில் 2008இல் தீர்ப்பளித்த உச்ச நீதிமன்றம், பிரிவு செல்லும் என்று ஏற்றபோதிலும், அடிப்படை உண்மைகளை அரசுத் தரப்பு முதலில் நிறுவிய பின்னரே சுமை மறுபக்கம் மாறும் என்று வரையறுத்தது. முகவரி தம்முடையது என்பதால் மட்டுமே ஒருவர் குற்றவாளியாகிவிடாமல் காக்கும் வேலி இது. யாரும் யார் முகவரிக்கும் ஒரு பொட்டலத்தை அனுப்பிவிடக்கூடிய காலத்தில் அதன் அருமை கூடுகிறது.

எடையின் கதை வேறு. கலப்பில் உள்ள தூய போதைப்பொருளின் எடையையே கணக்கில் கொள்ள வேண்டும் என்று மைக்கேல் ராஜ் வழக்கில் 2008இல் கூறப்பட்டதை, ஹீரா சிங் வழக்கில் மூன்று நீதிபதிகள் கொண்ட அமர்வு 2020 ஏப்ரலில் மாற்றி, மாவு போன்ற நடுநிலைப் பொருள் சேர்ந்த மொத்த எடையே அளவுகோல் என்று தீர்ப்பளித்தது. டிரமடாலுக்குச் சிறு அளவு 5 கிராம், வணிக அளவு 250 கிராம். ஒரு மாத்திரையின் மொத்த எடை கால் கிராம் என்று கொண்டால், 20 மாத்திரைகளில் முதல் வரம்பும், 1,000 மாத்திரைகளில் இரண்டாம் வரம்பும் எட்டப்பட்டுவிடும். சட்டவிரோத விற்பனையாளரிடமிருந்து மலிவு விலைக்காகப் பல மாதத்துக்கு ஒருசேர வருவிக்கும் அடிமைப்பட்ட ஒருவர், தாம் விற்கும் எண்ணம் சிறிதும் இல்லாமலேயே, கடத்தல்காரருக்கு உரிய 10 ஆண்டுச் சிறைக்கு அருகில் வந்து நிற்பார். தெருவில் எளிதாகப் பரவும் பொருளைத் தடுக்க எடை தேவையான குறியீடுதான் என்னும் நீதிமன்றத்தின் கவலை நியாயமானது. ஆனாலும் வினையின் மெய்யான அளவு எடையில் இல்லை என்பதைச் சட்டம் மறக்கும்போது, அறம் அதை நினைவூட்டியாக வேண்டும்.

அப்படி நினைவூட்ட வேண்டிய இடங்களுள் மிக முதன்மையானது வலி. அபின் செடி இந்தியாவில் தீண்டத்தகாத பயிர் அன்று. மத்தியப் பிரதேசத்திலும் ராஜஸ்தானிலும் உத்தரப் பிரதேசத்திலும் அரசு உரிமம் பெற்ற உழவர் அதை விளைவிக்க, நீமச்சிலும் காஜிப்பூரிலும் உள்ள அரசு ஆலைகள் அதைப் பதப்படுத்துகின்றன. அப்படியிருந்தும், 1985ஆம் ஆண்டுச் சட்டத்தின் கடுமைக்கும் மாநிலத்துக்கு மாநிலம் மாறிய உரிம நடைமுறைகளுக்கும் அஞ்சிய மருத்துவமனைகள் மார்ஃபினைக் கைவிட்டதால், நாட்டின் மருத்துவ மார்ஃபின் பயன்பாடு அடுத்த பன்னிரண்டு ஆண்டுகளில் ஏறக்குறைய 97 சதவீதம் சரிந்து, 1997இல் 18 கிலோவாகக் குறைந்தது. புற்றுநோயால் துடித்த லட்சக்கணக்கானோருக்கு அந்த ஆண்டுகளில் வலிதீர்க்கும் மருந்து எட்டவில்லை. திருவனந்தபுரத்தின் மருத்துவர் எம்.ஆர். ராஜகோபாலும் அவருடன் நின்றோரும் நெடுங்காலம் போராடியதன் பயனாக, 2014இல் சட்டம் திருத்தப்பட்டு, மார்ஃபின், ஃபென்டனில், மெத்தடோன் உள்ளிட்டவை 'இன்றியமையாப் போதை மருந்துகள்' என்று வகுக்கப்பட்டு, நாடு முழுவதற்கும் ஒரே விதி வந்தது. பரேலில் உள்ள டாடா நினைவு மருத்துவமனையின் வலித்தணிப்புப் பிரிவு போன்ற இடங்களில் இன்று அம்மருந்து முறையாகக் கிடைக்கிறது. முறையான கதவு மூடியிருந்த காலத்தில், அல்லது இன்னும் மூடியிருக்கும் ஊரில், தாயின் வலி பொறுக்காமல் இணையத்தில் தேடும் மகனின் எண்ணமும், கல்லூரி விருந்துக்காகத் தேடுபவரின் எண்ணமும் ஒன்றல்ல. முன்னவர் செய்வதும் குற்றமே. ஆயினும் அதில் ஒரு பகுதி, கதவை மூடிய அரசின் வினையாகக் கணக்கிடப்பட வேண்டும்.

பணம் தருவது எப்போது கடத்தலுக்கு நிதியளித்தல் ஆகும் என்பதிலும் இதே வேறுபாடு எழுகிறது. நிதியளிப்புக்கு 27அ பிரிவு 10 முதல் 20 ஆண்டுகள் வரை சிறை விதிக்கிறது. கல்யாணுக்கும் மேல்முறையீட்டு மன்றமாகிய பம்பாய் உயர் நீதிமன்றம், 2020 அக்டோபரில் ஒரு திரைக்கலைஞரின் ஜாமீன் மனுவை ஆராய்ந்தபோது, ஒருவர் உட்கொள்வதற்கான பொருளுக்குப் பணம் தருவதை நிதியளித்தலாகக் கொள்ள முடியாது என்று கூறியது. உச்ச நீதிமன்றம் 2023இல் அக்கருத்தை வேறு வழக்குகளில் முன்னுதாரணமாகக் கொள்ள வேண்டாம் என்று சொல்லிக் கேள்வியைத் திறந்தே வைத்திருக்கிறது. விலை கொடுப்பவருக்கும் முதல் போடுபவருக்கும் இடையே கோடு வரைந்த பம்பாய் நீதிமன்றத்தின் பார்வையே அறத்துக்கு நெருக்கமானது. அந்தக் கோடு அழிந்தால், தம் நோய்க்கே விலை கொடுத்துக்கொண்டிருப்பவர் அந்நோயை விற்றுச் செல்வம் சேர்ப்பவரோடு ஒரே கூண்டில் நிறுத்தப்படுவார்.

கழுவாய் என்று சமயங்கள் சொல்வதற்கு இணையான ஒன்றும் இச்சட்டத்துக்குள் இருக்கிறது. வழக்குரைஞர்கள் சிலர்கூட அதை மறந்துவிடுகிறார்கள் என்பது வருந்தத்தக்கது. உட்கொண்டதற்காகவோ சிறு அளவுக் குற்றத்துக்காகவோ வழக்கில் சிக்கிய, போதைக்கு அடிமைப்பட்ட ஒருவர், தாமே முன்வந்து அரசு நடத்தும் அல்லது அரசு ஏற்ற மையத்தில் சிகிச்சை பெற்றால், 64அ பிரிவின்படி அவர்மீது வழக்கு நடத்த முடியாது. தீர்ப்பு வந்த பிறகும், 39ஆம் பிரிவு நீதிமன்றத்துக்கு இன்னொரு வாய்ப்பைத் தருகிறது: அவரது வயது, நடத்தை, உடல்நிலை, மனநிலை ஆகியவற்றைக் கருதி, அவர் இசைவுடன், சிறைக்குப் பதிலாகச் சிகிச்சைக்கு அனுப்பலாம். பாந்த்ராவில் 1981இல் தொடங்கிய கிருபா அறக்கட்டளை, புனேயில் 1986இல் உருவான முக்தாங்கண், சென்னையில் 1980இல் சாந்தி ரங்கநாதன் நிறுவிய டி.டி. ரங்கநாதன் மருத்துவ ஆய்வு அறக்கட்டளை ஆகியவை, அடிமைப்பட்டவர் மீள்வார் என்னும் நம்பிக்கையை நெடுங்காலமாக நடைமுறையில் காட்டி வந்திருக்கின்றன.

ஆயினும் 64அ பிரிவின் பாதுகாப்பு நிபந்தனைக்கு உட்பட்டது; சிகிச்சையை முழுமையாக முடிக்காதவரிடமிருந்து அதைத் திரும்பப் பெறலாம். ஓபியாய்டு நோயை அறிந்த மருத்துவர்களோ, மீண்டும் வீழ்வது அந்நோயின் போக்கிலேயே அடங்கியது, ஒருமுறை வீழ்ந்ததால் சிகிச்சை தோற்றுவிட்டதாகாது என்று கூறுகிறார்கள். பியூப்ரனார்ஃபின் போன்ற மாற்று மருந்தைப் பல ஆண்டுகள் எடுத்துக்கொண்டு வேலைக்குச் சென்று வாழ்பவர் சிகிச்சையை முடித்தவரா, முடிக்காதவரா என்று அப்பிரிவின் வாசகம் சொல்லவில்லை. அதை முடிவு செய்ய வேண்டியவர், கல்யாண் நீதிமன்றத்திலோ வேறெங்கோ கோப்பைக் கையில் வைத்திருக்கும் நீதிபதி. மூன்றாம் முறையாக மையத்துக்குத் திரும்பி வந்த ஒருவரின் வருகையை முறிந்த நிபந்தனையாக எழுதுவதா, தொடரும் சிகிச்சையாக எழுதுவதா என்பதை அவருடைய பேனா தீர்மானிக்கிறது, இரண்டாவதாக எழுதுவதற்குச் சட்டத்தில் எந்தத் தடையும் இல்லை.